செத்தவன் பேசக் கூடாது

காந்திபுரத்தில் பெட்டி, பை விற்கும் கடை ஒன்றுக்கு மேலே, இரண்டாவது மாடியில் அந்தக் கூடம் இருந்தது. மொபைலில் ஆடும் சண்டை ஆட்டங்களுக்கு அங்கே போட்டி நடத்துவார்கள்.

ஆட்டம் தெரியாதவர்களுக்கு இவ்வளவு சொன்னால் போதும். நால்வர் நால்வராகப் பல அணிகள் ஒரு தீவில் குதிக்கும். ஓர் அணிக்காரர்கள் அவரவர் இடத்தில் இருந்தபடியே மைக்கில் பேசிக்கொண்டு ஆடுவார்கள், செத்தவனின் குரலும் கேட்கும். வீடு வீடாகத் துப்பாக்கி தேடும். தீவைச் சுற்றி ஒரு வட்டம் சுருங்கிக்கொண்டே வரும். வட்டத்துக்கு வெளியே மாட்டிக்கொண்டவர் சாவார். உள்ளே வந்தவர்கள் ஒருவரை ஒருவர் சுட்டுக்கொள்வார்கள். கடைசியில் மிஞ்சுகிற அணி ஜெயித்தது. அப்புறம் செத்தவர்கள் எல்லோரும் எழுந்து டீ குடிக்கப் போவார்கள்.

அந்தக் கூடத்தில் சௌடேஸ்வரி என்று ஒருத்தி இருந்தாள். அவள் ஆடுகிறவள் இல்லை, காட்டுகிறவள். போட்டியை வீட்டிலிருந்து பார்க்கும் ஜனங்களுக்கு, எந்த நேரத்தில் எந்த ஆட்டக்காரனின் கண் வழியாகத் தீவைக் காட்டுவது என்று அவள்தான் முடிவு செய்வாள். சண்டை மூண்ட பிறகு அங்கே ஓடிப்போய்க் காட்டுகிறவர்கள் ஊரில் நிறைய உண்டு. சௌடேஸ்வரி சண்டை மூளும் முன்பே அங்கே போய் நிற்பாள்.

அது எப்படி என்று கேட்டுப் பல அணித் தலைவர்கள் மாடியேறி வந்திருக்கிறார்கள். அனேகமாக அவள் பதில் சொன்னதில்லை. திரையைப் பார்த்துப் பார்த்து அவள் கண் எப்போதும் சிவந்தே கிடக்கும். சொட்டு மருந்து விட்டுக்கொண்டு, தலையை நாற்காலியில் சாய்த்து உட்கார்ந்திருப்பாள். யாராவது குரு என்று கும்பிட்டால், "கீழ போய் ஒரு டீ சொல்லிட்டு வாங்க" என்பாள். வந்தவரும் போய்ச் சொல்லிவிட்டு அப்படியே வீட்டுக்குப் போய்விடுவார்.

நவநீதன் டீ சொல்லிவிட்டுத் திரும்பி வந்தான்.

அவன் அவளைவிட மூத்தவன். அந்த ஆட்டத்தில் அவன் வயதுக்காரர்கள் பாதிப் பேர் கல்யாணமாகிக் குழந்தையைப் பள்ளியில் விட்டுக்கொண்டிருந்தார்கள். இவன் இன்னும் ஓர் அணிக்குத் தலைவனாக இருந்தான். அணி நன்றாகத்தான் ஆடும். ஆனால் ஒவ்வொரு தடவையும் கடைசிக்குக் கொஞ்சம் முன்னால் செத்துப்போகும். அடுத்த வாரம் பெரிய போட்டிக்கான தேர்வு ஆட்டம் வந்தது. அதிலும் போனால் அணி கலைந்துவிடும் என்று யாரும் சொல்லவில்லை, எல்லோருக்கும் தெரிந்திருந்தது.

"என்னுங்க வேணும்?" என்றாள் சௌடேஸ்வரி.

"எங்கிருந்து வர்றாங்கன்னே தெரிய மாட்டேங்குதுங்க. ஒருத்தனைச் சுட்டுட்டு இருக்கறப்ப வேற எவனோ வந்து முடிச்சிட்டுப் போயிர்றான். உங்களுக்கு மட்டும் எப்படீங்க முன்னாடியே தெரியுது?"

"உக்காருங்க."

அவன் உட்கார்ந்தான். ஏசியிலிருந்து ஒரு பக்கெட்டில் தண்ணீர் சொட்டிக்கொண்டிருந்தது. ஏதோ ஒரு பயிற்சி ஆட்டம் ஓடியது. தீவின் நடுவில், ஒரு பள்ளிக்கூடக் கட்டடத்தில் இரண்டு அணிகள் மூர்க்கமாகச் சுட்டுக்கொண்டன. பார்க்க அவ்வளவு நன்றாக இருந்தது. நவநீதன் நாற்காலி நுனிக்கு வந்துவிட்டான்.

சௌடேஸ்வரி அதை விட்டுவிட்டு ஒரு வெறும் சாலைக்குப் போனாள். சாலையில் ஓடிக்கொண்டிருந்த ஒரு ஜீப் அப்போதுதான் நின்றது. அதிலிருந்து நாலு பேர் இறங்கிச் சும்மா நின்றார்கள்.

"ஐயோ, அங்க சண்டை நடக்குதுங்க" என்றான் நவநீதன்.

அவள் திரையை மாற்றவில்லை.

அந்த நாலு பேரும் ஜீப்பை அங்கேயே விட்டுவிட்டு, வரப்போரமாகக் குனிந்து ஓடினார்கள். பள்ளிக்கூடத்துக்குப் பின்பக்கம் போனார்கள். உள்ளே இரண்டு அணியும் ஒன்றையொன்று அடித்துக் களைத்திருந்த நேரம். நாலு பேரும் ஜன்னல் வழியாக எல்லோரையும் முடித்தார்கள்.

போன வாரம் நவநீதனும் இப்படித்தான் செத்தான்.

"இவங்க வருவாங்கன்னு எப்படித் தெரிஞ்சுதுங்க?"

"ஓடிட்டு இருந்த ஜீப் நின்னுச்சுல்ல?"

"ஆமாங்க."

"வண்டிய நிறுத்துனா சத்தம் நல்லாக் கேக்கும்" என்றாள் அவள். "சத்தம் போடறவங்களத்தான் எல்லாரும் பாக்கறாங்க. நான் சத்தத்தைக் கேக்கறவங்களப் பாக்கறேன். அவ்வளவுதானுங்க."

டீ வந்தது. நவநீதன் குடிக்காமலே கிளம்பிப் போனான். கையில் வரம் கிடைத்தவன் மாதிரி படியில் இரண்டிரண்டாகத் தாவி இறங்கினான். சௌடேஸ்வரி அந்த டீயையும் சேர்த்துக் குடித்தாள்.

இரண்டு நாள் கழித்துத் திரும்பி வந்தான். இந்தத் தடவை ஒவ்வொரு படியாக ஏறி வந்தான்.

"நீங்க சொன்னபடி செஞ்சேனுங்க."

"என்ன செஞ்சீங்க?"

"எல்லாச் சத்தத்தையும் கேட்டேன். வண்டிச் சத்தம், காலடிச் சத்தம், கதவு தொறக்கற சத்தம். எது கேட்டாலும் பசங்ககிட்ட உடனே சொன்னேன். கிழக்கே பாரு, மேல பாரு, நில்லு, ஓடு, படு. ஆட்டம் பூரா நான் வாயே மூடலீங்க. தொண்டை கட்டிப்போச்சு."

"அப்புறம்?"

"அப்புறம் என்னுங்க, செத்தோம்."

அவன் குரல் நிஜமாகவே கரகரத்தது. பார்க்கப் பாவமாக இருந்தது. சௌடேஸ்வரிக்கும் பாவமாகத்தான் இருந்திருக்க வேண்டும். மேஜையில் இருந்த மிட்டாயை அவன் பக்கம் நகர்த்தினாள்.

"யார் முதல்ல செத்தாங்க?"

"எப்பவும் முதல்ல சாகறவன்தான். ஜெரால்டு. அவனைப் பத்திப் பேசத்தான் வந்தேனுங்க."

ஜெரால்டும் அவனும் ஒன்றாக ஆட ஆரம்பித்தவர்கள். அணிக்குப் பேர் வைத்ததே ஜெரால்டுதான். ஒரு மொபைல் சர்வீஸ் கடையில் வேலை பார்த்தான். பேச்சு குறைவு. கோபமும் குறைவு. தோற்ற நாட்களில் மற்றவர்கள் ஒருவர் மேல் ஒருவர் பழி போட்டுக் கத்தும்போது அவன் மட்டும் யாரையும் எதுவும் சொன்னதில்லை. இப்போது அஸ்வத் என்று ஒரு புதுப் பையன் வந்திருந்தான். வேகமான கை. குறி தவறாது. அவனை உள்ளே கொண்டுவர வேண்டுமானால் யாராவது ஒருவர் வெளியே போக வேண்டும்.

"ஜெரால்டை எடுத்துரலாம்னு இருக்கேனுங்க" என்றான் நவநீதன். "நாளைக்குச் சாயங்காலத்துக்குள்ள தேர்வு ஆட்டத்துக்குப் பேர் கொடுக்கணும். அவன்கிட்ட இன்னும் சொல்லல. ஆனா அவனுக்குத் தெரியும்னு நினைக்கறேன். நேத்துக் கேட்டான், மாப்ள, நாளைக்குப் பயிற்சிக்கு நான் வரட்டுமான்னு. அப்படியெல்லாம் கேக்க மாட்டான். தினமும் வர்றவன் எதுக்குங்க கேக்கணும்?"

அவன் மிட்டாயின் காகிதத்தைப் பிரித்தான், திரும்பச் சுற்றினான்.

"அவரு எங்க நிப்பாரு?" என்று கேட்டாள் சௌடேஸ்வரி.

"எங்களுக்குப் பின்னாடி. கடைசியா வருவான். பின்பக்கம் பாத்துக்கறது அவன் வேலை."

"யார் அங்க நிக்கச் சொன்னது?"

"நான்தானுங்க."

"சரி. செத்ததுக்கு அப்புறம் என்ன பண்ணுவாரு?"

நவநீதனுக்குக் கேள்வி புரியவில்லை. "செத்ததுக்கு அப்புறம் என்னுங்க பண்றது? சும்மா இருப்பான். எங்க அணில அது சட்டம். செத்தவன் பேசக் கூடாது."

"ஏனுங்க?"

"செத்தவன் வாய்தான் நீளம். நீ அங்க போயிருக்கலாம், நான் அப்பவே சொன்னேன்னு பொலம்பிட்டே இருப்பாங்க. உயிரோட இருக்கறவன் காது கெட்டுப்போகுது. அதான் ஆரம்பத்துலயே சொல்லிட்டேன். சண்டை வந்தா நான் 'வாய்ஸ் கிளியர்'னு சொல்லுவேன். அதுக்கப்புறம் நான் மட்டும்தான் பேசணும். செத்தவன் பேசவே கூடாது. மத்த அணில எல்லாம் மீன் மார்க்கெட் மாதிரி கத்துவாங்க. எங்க அணி அமைதியா இருக்கும்."

இதைச் சொல்லும்போது மட்டும் அவன் களைப்பு கொஞ்சம் மறைந்தது. இந்தச் சட்டத்தின் மேல் அவனுக்கு ஒரு பெருமை இருந்தது. யாருக்குத்தான் தன் சட்டத்தின் மேல் பெருமை இல்லை?

சௌடேஸ்வரி கண்ணுக்கு மருந்து விட்டுக்கொண்டாள். ரொம்ப நேரம் கண்ணை மூடியே இருந்தாள். தூங்கிவிட்டாளோ என்று அவன் எட்டிப் பார்த்தான்.

"நாளைக்கு மத்தியானம் பயிற்சி ஆட்டம் இருக்குல்ல?" என்றாள் கண்ணைத் திறக்காமல்.

"இருக்குதுங்க."

"நீங்க ஆட வேண்டாம். காய்ச்சல்னு சொல்லிருங்க. உங்க இடத்துல அந்தப் புதுத் தம்பி ஆடட்டும். நீங்க இங்க வந்துருங்க."

மறுநாள் மத்தியானம் அவன் வந்தான். பசங்களிடம் பொய் சொன்னது உறுத்தியது. முகம் நிஜமாகவே காய்ச்சல்காரன் முகமாக இருந்தது.

அவள் தன் நாற்காலியில் அவனை உட்கார வைத்தாள். ஒரு ஹெட்செட்டை அவன் தலையில் மாட்டிவிட்டாள். ஒவ்வொரு அணியும் தனக்குள் பேசிக்கொள்ள இணையத்தில் ஒரு பேச்சு அறை உண்டு, போட்டி நடத்துகிறவர்கள் அதிலும் ஒரு காதை வைத்திருப்பார்கள். யாரும் கள்ளத்தனம் செய்யாமல் இருக்க அப்படி ஒரு வழக்கம். நடத்துகிறவர்களின் மைக் எப்போதும் மூடியே இருக்கும். அதனால் ஆட்டக்காரர்கள் அதை மறந்தே போவார்கள்.

"உங்க அணிய மட்டும் பாருங்க" என்றாள். "பாக்கறதவிடக் கேளுங்க."

ஆட்டம் தொடங்கியது. ஜெரால்டு, சுரேந்தர், பைசல், நவநீதனின் இடத்தில் அஸ்வத். முடிவு சொல்லும் பொறுப்பைச் சுரேந்தர் எடுத்துக்கொண்டான். நால்வரும் ஒரு மாவு மில்லில் இறங்கித் துப்பாக்கி எடுத்தார்கள். வட்டம் சுருங்கியது. வடக்கே நகர்ந்தார்கள். எதிரே ஒரு வீட்டில் ஓர் அணி இருந்தது. சண்டை பிடித்துக்கொண்டது.

ஜெரால்டு கடைசியாக வந்துகொண்டிருந்தான். எல்லோரும் முன்னால் பார்க்க, அவன் மட்டும் பின்பக்கம் திரும்பி நின்றான். அவன் கண் வழியாக நவநீதன் பார்த்தான். தூரத்துச் சாலையில் ஓடிக்கொண்டிருந்த ஒரு ஜீப் நின்றது.

நவநீதன் நிமிர்ந்தான்.

"மாப்ள, பின்னாடி..." என்றான் ஜெரால்டு.

"வாய்ஸ் கிளியர்!" என்று கத்தினான் சுரேந்தர்.

நவநீதனுக்குத் தூக்கிவாரிப் போட்டது. குரல்தான் சுரேந்தருடையது. அந்த இழுப்பு, அந்த வெட்டு, கடைசியில் ஏறுகிற அந்த அதட்டல் எல்லாம் இவனுடையது. தன் குரல் வெளியிலிருந்து கேட்க இப்படி இருக்குமா என்று அவனுக்கு ஒரு மாதிரி ஆகிவிட்டது.

ஜெரால்டு பாதியில் நிறுத்திய பேச்சை முடிக்கவில்லை.

ஜீப்பிலிருந்து இறங்கியவர்கள் ஒரு தண்ணீர்த் தொட்டிக்குப் பின்னால் வந்து படுத்தார்கள். ஜெரால்டு தொட்டியைப் பார்த்தபடியே பின்வாங்கினான். மற்ற மூவரின் முதுகுக்கும் அந்தத் தொட்டிக்கும் நடுவில் போய் நின்றான். எத்தனையோ தடவை அவன் முதலில் செத்திருக்கிறான். எப்படிச் செத்தான் என்று நவநீதன் ஒரு தடவைகூடப் பார்த்ததில்லை. அந்த நேரத்தில் அவன் எப்போதும் முன்னால் பார்த்துக் கத்திக்கொண்டிருந்தான்.

"ஜெரால்டு, தொட்டி! தொட்டிக்குப் பின்னாடிடா!" என்று நவநீதன் திரையைப் பார்த்துக் கத்தினான்.

மைக் மூடியிருந்தது. அவன் அதைத் திறக்கக் கையை நீட்டினான். சௌடேஸ்வரி அவன் மணிக்கட்டைப் பிடித்தாள்.

"செத்தவங்க பேசக் கூடாதுங்க."

"நான் எங்கீங்க செத்தேன்?"

"ஆட்டத்துல இல்லீங்களே."

ஜெரால்டு விழுந்தான். விழுந்தவனின் திரையில், சுட்டவன் எங்கே படுத்திருக்கிறான் என்பது தெளிவாகத் தெரிந்தது. தொட்டி, அதன் இடது ஓரம், நீலத் தொப்பி.

"ஜெரால்டு போயிட்டான்" என்றான் பைசல்.

"எங்கிருந்துடா அடிக்கறான்?" என்றான் சுரேந்தர்.

"தெரியல."

"மலை மேல இருந்தா?"

"மலைல யாரும் இல்லீங்ணா" என்றான் அஸ்வத். "எங்கிருந்து அடிக்கறான்னே தெரியலீங்ணா."

நவநீதன் ஹெட்செட்டைக் காதோடு அழுத்திப் பிடித்தான். மூவரின் கத்தலுக்கும் அடியில் இன்னொரு சத்தம் கேட்டது. ஜெரால்டு மூச்சை உள்ளே இழுத்தான். பேசப் போகிறவன் இழுக்கிற மூச்சு அது. கொஞ்ச நேரம் அப்படியே பிடித்து வைத்திருந்தான். பிறகு மெதுவாக விட்டுவிட்டான்.

"எங்கிருந்துடா அடிக்கறான்?" என்று சுரேந்தர் மறுபடியும் கேட்டான். அவன் பைசலைக் கேட்டான், அஸ்வத்தைக் கேட்டான், தன்னையே கேட்டுக்கொண்டான். தெரிந்தவனை யாரும் கேட்கவில்லை.

பைசல் விழுந்தான். அஸ்வத் மலையைப் பார்த்துச் சுட்டுக்கொண்டே விழுந்தான். சுரேந்தர் தப்பித்து ஓடுவதாக நினைத்துத் தொட்டியை நோக்கியே ஓடினான்.

நால்வரையும் ஒரே இடத்திலிருந்து ஒரே ஆள் சுட்டிருந்தான்.

நவநீதன் ஹெட்செட்டைக் கழற்றாமல் உட்கார்ந்திருந்தான். பக்கெட்டில் தண்ணீர் நிரம்பி வழிய ஆரம்பித்திருந்தது. சௌடேஸ்வரி எழுந்து போய் அதைக் கொட்டிவிட்டு வந்தாள்.

"நான்தான் அங்க இல்லீங்களே" என்றான் அவன். "நான் இல்லாதப்பவும் ஏனுங்க அவன் பேசல?"

அவள் பக்கெட்டை ஏசிக்கு நேராக வைத்தாள். சரியாக விழுகிறதா என்று பார்த்தாள்.

பேச்சு அறையில் சுரேந்தர், "சரி விடு, நவநீ வந்தாத்தான் சரியா வரும்" என்றான். பைசல் பசிக்கிறது என்றான். ஒவ்வொருவராக அறையை விட்டுப் போனார்கள். ஒவ்வொருவர் போகும்போதும் ஒரு சின்ன மணிச் சத்தம் கேட்டது.

ஜெரால்டின் பெயர் மட்டும் போகவில்லை. அவன் மைக்கும் திறந்தே இருந்தது. அவன் வேலை பார்க்கும் கடையில் ஃபேன் ஓடுகிற சத்தம் கேட்டது. வெளியே ஒரு பஸ் ஹாரன் அடித்துப் போனது.

"போகாம என்ன பண்றான்?"

"தெரியலீங்க" என்றாள் சௌடேஸ்வரி.

"சாயங்காலத்துக்குள்ள பேர் கொடுக்கணும். நான் இப்ப என்ன முடிவு பண்றதுங்க?"

அவள் கையை நீட்டி, நடத்துகிறவர்களின் மைக்கைத் திறந்துவிட்டாள். பிறகு சுவரோரமாக ஒரு நாற்காலியை இழுத்துப் போட்டு, தலையைச் சாய்த்துக் கண்ணை மூடிக்கொண்டாள்.

நவநீதன் திரையைப் பார்த்தான், அவளைப் பார்த்தான், திரும்பத் திரையைப் பார்த்தான். தொண்டையைச் செருமினான்.

"ஜெரால்டு."

அந்தப் பக்கம் நாற்காலி நகர்ந்தது. "யாருங்க?"

"நான்தான்டா."

"மாப்ள? உனக்குக் காய்ச்சல்னாங்களே? மாத்திரை போட்டியா?"

நவநீதனுக்குக் கண் கலங்கிவிட்டது. அதை மறைக்கவும் தோன்றவில்லை.

"ஜெரால்டு, எங்கிருந்துடா அடிச்சான்?"

ஃபேன் சத்தம் மட்டும் வந்தது. பிறகு அந்த மூச்சு மறுபடியும் கேட்டது, உள்ளே இழுத்துப் பிடித்துக்கொள்கிற மூச்சு.

"ஆட்டம் முடிஞ்சிருச்சுல்ல மாப்ள?" என்றான் ஜெரால்டு.

"முடிஞ்சிருச்சு."

"அப்ப நான் பேசலாமா?"

நவநீதன் வாயைத் திறந்தான். எல்லா ஆட்டத்திலும் ஓயாமல் பேசியவனுக்கு ஒரு வார்த்தைகூட வரவில்லை. திரும்பிச் சௌடேஸ்வரியைப் பார்த்தான்.

அவள் கண்ணைத் திறக்கவில்லை.

"சீக்கிரம் சொல்லுங்க" என்றாள். "ஆளு கிளம்பிருவாரு."